உதடு மூடும் இடம்

கோரிப்பாளையத்தில் இரும்புக்கடைக்கு மேல் எங்கள் ஸ்டூடியோ.
கீழே கம்பி வெட்டினால் மேலே மேசை அதிரும்.
அந்த அதிர்வில் உட்கார்ந்து
நான்கு வருடம் நான் வாய் வரைந்தேன்.
முகம் ஹிதாயத், ஆட்டுக்குட்டி பொன்ராசு,
எனக்கு வாய் மட்டும்.
ப-வுக்கும் ம-வுக்கும் உதடு மூட வேண்டும்.
ழ-வுக்கு நாக்கின் அடிப்புறம்
ஒரு சின்னக் கோடு.
யாரும் கவனிக்கப்போவதில்லை,
தெரிந்தேதான் போட்டேன்.

படத்தில் தாய்க்குக் குரல் சகாயமேரி,
மாட்டுத்தாவணியில் பஸ் அறிவிக்கிறவள்.
பதினெட்டு வருடமாக ஊர்ப்பேர்களைக் கத்தி
அடிப்பிடித்த சட்டியைச் சுரண்டுகிற தொண்டை.
வறண்ட வைகையில் ஆட்டைத் தொலைத்துவிட்டு
மகன் வந்து நிற்கும்போது
"நாசமாப் போறவனே, கொட்டிக்கிட்டுப் போய்த் தேடுறா"
என்பாள்.
செல்லூர்த் தியேட்டரில் அந்த இடத்துக்கு விசில் பறந்தது.

இப்போது ஜப்பானியக் குரலோடு படம்
திரும்பி வந்திருக்கிறது.
ஜன்னலைச் சாத்திவிட்டு
ஆளுக்கு ஒரு டம்ளர் பருத்திப்பாலோடு
நானும் அவளும் உட்கார்ந்தோம்.

அதே தாய். அதே பச்சைச் சேலை.
வாய் திறந்தால்
வாளியின் அடியில் மிஞ்சின தண்ணீர் மாதிரி
ஒரு குரல்.
திட்டு எங்கே?
அந்த வசவுக்கு நான் வரைந்த வாய்களில்
பாதியில்தான் சொல் இருக்கிறது,
மீதியில் வெறும் மூச்சு.

அப்போதுதான் பார்த்தேன்,
ஹிதாயத் அவள் கீழ் இமையில்
ஈரம் வைத்திருக்கிறான்.
நான்கு வருடம் பக்கத்து நாற்காலியில் இருந்தும்
எனக்குத் தெரியாது.
திட்டு காதில் விழும்வரை
கண்ணை யார் பார்த்தது?

சகாயமேரி டம்ளரைக் கீழே வைத்தாள்.
"இவ கோவமே படலையே, பயந்துல்ல போயிருக்கா."
கொஞ்சம் பொறுத்து,
"நானும் பயந்துதான திட்டுனேன்."

எல்லாமே அழகு என்று சொல்லமாட்டேன்.
பரோட்டா மாஸ்டரின் நக்கல் போய்விட்டது,
வங்கி அதிகாரி மாதிரி மரியாதையாக
மாவை வீசுகிறார்.
பையன் அம்மா என்று கூப்பிட
நான் மூடி வைத்த உதட்டுக்குள்ளிருந்து
'ஒகாசான்' வருகிறது, நடுவில் 'கா' பிதுங்கி.
வாழைப்பழம் கேட்கும் காட்சியில்
அங்கே யாரிடமும் இல்லாத எழுத்துக்கு
அவன் நாக்கு வளைந்து வளைந்து நிமிர்கிறது,
பாவம்.
நாய் மட்டும் மாறவில்லை.
சத்தங்களைத் தனித் தடத்தில் கொடுத்திருந்தோம்,
அது இன்னும் எங்கள் தெரு நாயாகத்தான் குரைக்கிறது.

கடைசியில் பஸ் ஸ்டாண்ட்.
பையன் படியில் தொற்றிக்கொண்டு
"போய்ட்டு வர்றேம்மா" சொல்லும் இடம்.
'இத்தேகிமாஸ்' என்றான்.
'போ'வுக்கு மூடிய உதடு வீண்.
ஆனால் கடைசி 'மா'வில்
என் கோடும் அந்தக் குரலும்
ஒரு கணம் ஒட்டிக்கொண்டன.
அர்த்தம் கேட்டு ஹிதாயத்துக்கு மெசேஜ் போட்டேன்.
அங்கேயும் போறேன் என்று மட்டும் சொல்வதில்லையாம்,
போய் வருவதாகத்தான் சொல்வார்களாம்.

தாய் பதில் சொன்னாள், அந்தத் தண்ணீர்க் குரலில்.
அவளுக்குப் பின்னால், இரைச்சலுக்கு நடுவே,
"பரமக்குடி, ராமநாதபுரம் செல்லும் பேருந்து
ஆறாவது நடைமேடையில்..."

"ஏய், அது நானு!"
சத்தத் தடத்தில் கிடந்ததை
யாரும் அழிக்கவில்லை.
முன்னால் வேறொருத்தி மகனை அனுப்பிக்கொண்டிருக்க
பின்னால் இவள் பஸ்ஸை அனுப்புகிறாள்.

"மறுபடி போடு" என்றாள்.
போட்டேன்.
"மறுபடி."
மூன்றாவது முறை ஓடும்போது
கீழே கம்பி வெட்டத் தொடங்கினார்கள்.
மேசை அதிர்ந்தது.
இரண்டு பேர் குரலும் கேட்கவில்லை,
வாய் மட்டும் அசைந்துகொண்டிருந்தது.